“அடுத்த ரீடிங்கில் சரியாகிடும்”: தவறாக வசூலித்த மின்கட்டணத்தைத் திரும்பப் பெறுவது பற்றி

மின்மீட்டர் திரையில் 3-க்கும் 8-க்கும் இடையே இருப்பது இரண்டே இரண்டு சின்னக் கோடுகள். மாடிப்படிக்கு அடியில் இருட்டில் இருக்கும் பெட்டிக்குள் எட்டிப் பார்த்து, 12,340 என்பதை 12,840 என்று குறித்துவிட்டால் ஒரே நொடியில் 500 யூனிட் கூடிவிடும். கணக்கெடுக்க வருபவர் ஒரு நாளைக்கு எத்தனை வீட்டுப் படி ஏறி இறங்குகிறார் என்று பார்த்தால் அவரைக் கோபித்துக்கொள்ள மனம் வராது. பிழை நடப்பது இயல்புதான். பிழை நடந்த பிறகு என்ன நடக்கிறது என்பதில்தான் பிரச்சினை.

பில்லைத் தூக்கிக்கொண்டு ஈ.பி. ஆபீசுக்குப் போனால் பெரும்பாலும் கிடைக்கும் பதில் ஒன்று உண்டு: “இப்போ கட்டிடுங்க, அடுத்த ரீடிங்கில் தானா சரியாகிடும்.” சொல்பவர் நல்ல எண்ணத்தில்தான் சொல்கிறார். மீட்டர் ஓடாமலா இருக்கப் போகிறது, இன்று கூடுதலாகக் குறித்த யூனிட் நாளைக்குக் குறைந்துதானே வரும் என்று நமக்கும் தோன்றும். யூனிட் கணக்கில் அது உண்மை. ரூபாய்க் கணக்கில் உண்மையில்லை. தமிழ்நாட்டில் இது ஏன் பொய்த்துப்போகிறது என்பதைக் கொஞ்சம் பொறுமையாகக் கணக்குப் போட்டே பார்த்துவிடலாம்.

2022 செப்டம்பரில் வந்த வீட்டுக் கட்டண விகிதத்தை எடுத்துக்கொள்கிறேன். இரண்டு மாதத்துக்கு முதல் 100 யூனிட் இலவசம். மொத்தம் 500 யூனிட்டுக்குள் இருந்தால் அடுத்த 100 யூனிட்டுக்கு 2.25 ரூபாய், 201 முதல் 400 வரை 4.50, அதற்கு மேல் 500 வரை 6 ரூபாய். 500-ஐத் தாண்டிவிட்டால் அந்த 2.25 ரூபாய்ச் சலுகை போய்விடும். 101-லிருந்தே 4.50 கணக்கு தொடங்கும். 501 முதல் 600 வரை 8, 800 வரை 9, 1,000 வரை 10 ரூபாய் என்று படி ஏறும். (அப்புறம் விகிதங்கள் திருத்தப்பட்டன. இங்கே நமக்கு வேண்டியது படி ஏறும் அந்த வடிவம்.)

ஒரு வீட்டில் முந்தைய ரீடிங் 12,010 என்றும், இப்போது உண்மையான ரீடிங் 12,340 என்றும் வைத்துக்கொள்வோம். ஓடியது 330 யூனிட், வரவேண்டிய பில் 810 ரூபாய். 12,840 என்று குறித்தால் அது 830 யூனிட் ஆகிறது. பில் 4,850 ரூபாய். சரி, கட்டிவிடுகிறார்கள். அடுத்த இரண்டு மாதத்தில் உண்மையில் 320 யூனிட் ஓடுகிறது. மீட்டரில் 12,660 நிற்கிறது, இது ஏற்கெனவே குறித்த எண்ணைவிடக் குறைவு. ஆகவே பூஜ்ய யூனிட், பில் இல்லை. அதற்கடுத்த முறை 340 யூனிட் ஓடி மீட்டர் 13,000-ல் நிற்கிறது. 12,840-ஐக் கழித்தால் 160 யூனிட், பில் 135 ரூபாய். யூனிட் கணக்கு இப்போது சரியாகிவிட்டது. ஆறு மாதத்தில் 990 யூனிட் ஓடியது, 990-க்கும் பில் போட்டாயிற்று.

பணத்தைப் பாருங்கள். முறையாகப் போட்டிருந்தால் 810, 765, 855 என்று மொத்தம் 2,430 ரூபாய். அவர்கள் கட்டியதோ 4,850-ம் 135-ம் சேர்த்து 4,985. “தானா சரியானது” போக 2,555 ரூபாய் கூடுதலாகப் போயிருக்கிறது. அந்தப் பணம் எங்கே போனது? தவறான பில்லில் 9 ரூபாய், 10 ரூபாய்ப் படிக்கு ஏறிக் கட்டினார்கள். பூஜ்யம் வந்த தவணையிலோ அவர்களுக்கு உரிய 100 இலவச யூனிட்டும் 2.25 ரூபாய்ச் சலுகையும் பயன்படாமலே போயின. ஏறும்போது உச்சிப் படியின் விலை, இறங்கும்போது அடிப்படியின் விலை.

ரீடிங் எடுக்கத் தாமதமானாலும் இதே வினைதான். அந்த விகிதத்தில் 500 யூனிட்டுக்கு 1,725 ரூபாய், 501 யூனிட்டுக்கு 1,958. கடைசி ஒரு யூனிட்டின் விலை 233 ரூபாய்! நாளுக்கு 8 யூனிட் ஓடும் வீட்டில் 60-ஆம் நாள் வரவேண்டியவர் 63-ஆம் நாள் வந்தால் 480 யூனிட் 504 ஆகிவிடும். அடுத்த முறை அவர் சரியான நாளில் வந்து 57 நாளுக்கு 456 யூனிட் குறித்தாலும், இரண்டு பில்லையும் கூட்டினால் அதே 233 ரூபாய் அதிகம் போயிருக்கும். ஆள் மூன்று நாள் தாமதமாக வந்தது நம் குற்றமில்லை. ஆனால் ரீடிங் எழுதும் வெள்ளை அட்டையில் தேதி குறித்திருந்தால்தான் இதைச் சொல்லவே முடியும்.

2020 ஊரடங்கில் இந்த யூனிட்டா ரூபாயா என்ற கேள்வி ஊர் முழுக்க எழுந்தது நினைவிருக்கலாம். ரீடிங் எடுக்க முடியாத நிலையில் முந்தைய பில் தொகையையே கட்டச் சொன்னார்கள். பிறகு நான்கு மாத ஓட்டத்தை இரண்டாகப் பிரித்துப் பில் போட்டு, ஏற்கெனவே கட்டிய தொகையை ரூபாயில் கழித்தார்கள். யூனிட்டாகக் கழிக்க வேண்டும் என்று சென்னை உயர்நீதிமன்றத்துக்குப் பொதுநல வழக்கு போனது. அது தள்ளுபடியானது. முடிவு எப்படியிருந்தாலும், எதை வைத்துக் கழிப்பது என்பது வெறும் குமாஸ்தா வேலை இல்லை என்று பலருக்கும் அப்போதுதான் உறைத்தது.

சட்டம் இந்த விஷயத்தில் நுகர்வோர் பக்கம் தெளிவாகவே நிற்கிறது. 2003-ஆம் ஆண்டு மின்சாரச் சட்டத்தின் 62-ஆவது பிரிவின் 6-ஆவது உட்பிரிவு, நிர்ணயித்த கட்டணத்துக்கு மேல் வசூலித்த தொகையை, கட்டியவர் வங்கி விகித வட்டியோடு திரும்பப் பெறலாம் என்கிறது. தமிழ்நாடு மின்சார வழங்கல் விதித்தொகுப்பு 2004-ல் வந்தது. அதன் 12-ஆவது ஒழுங்குமுறை பில் பிழைகளுக்கென்றே எழுதப்பட்டது. கூடுதலாக வசூலித்திருந்தால், காப்பு வைப்புத்தொகைக்குத் தரும் அதே வட்டியோடு திருப்பித்தர வேண்டும். வட்டி, பணம் கட்டிய நாளிலிருந்து ஓடும், புகார் கொடுத்த நாளிலிருந்து அல்ல. பிழை கண்டுபிடிக்கப்பட்டதற்கு அடுத்த மாதம் காசோலையாகத் தரலாம், அல்லது அடுத்து வரும் இரண்டு பில்களில் கழிக்கலாம். இரண்டில் எது என்று முடிவு செய்வது நுகர்வோர். இரண்டு பில் கழித்தும் மீதம் இருந்தால் அதையும் காசோலையாகத் தந்துவிட வேண்டும்.

இதில் “நுகர்வோர் விருப்பப்படி” என்ற சொல்லை நான் பலமுறை படித்திருக்கிறேன். நடைமுறையில் யாரும் நம்மிடம் விருப்பம் கேட்பதில்லை. கேட்காததால் நாமும் அப்படி ஓர் உரிமை இருப்பது தெரியாமலே வந்துவிடுகிறோம். மனுவில் “கூடுதலாகக் கட்டிய தொகையை வட்டியுடன் காசோலையாகத் தரவும்” என்று ஒரு வரி சேர்ப்பதற்குச் செலவு எதுவும் இல்லை.

அதே ஒழுங்குமுறை இன்னொன்றும் சொல்கிறது. பணம் கட்டக் கடைசித் தேதிக்கு மூன்று நாள் முன்பே புகார் கொடுத்தால், அந்தக் கடைசித் தேதிக்குள் அதைத் தீர்த்துவைக்க வேண்டும். கடைசி மூன்று நாளில் கொடுத்தால் அடுத்த பில்லுக்குள் தீர்த்தால் போதும். ஆக, பில்லைப் பார்த்த அன்றே எழுதிக் கொடுப்பவருக்கும் கடைசி நாள் மாலை ஓடுபவருக்கும் இரண்டு மாத வித்தியாசம்.

புகார் கொடுத்துவிட்டோம், பணம் கட்டாமல் இருக்கலாமா? விதித்தொகுப்பு கூடாது என்கிறது. பில் தவறு என்று சொல்லிக்கொண்டு எந்தப் பகுதியையும் நிறுத்திவைக்க முடியாது. கட்டாவிட்டால் பியூஸைப் பிடுங்கிவிடுவார்கள் என்ற பயம்தான் பெரும்பாலானவர்களைப் பேசாமல் கட்டவைக்கிறது. ஆனால் விதித்தொகுப்புக்கு மேலே மின்சாரச் சட்டம் இருக்கிறது. அதன் 56-ஆவது பிரிவின்படி, பணம் கட்டவில்லை என்று இணைப்பைத் துண்டிக்க வேண்டுமானால் முழுதாக 15 நாள் எழுத்துபூர்வ அறிவிப்பு தர வேண்டும். கேட்கும் தொகையையோ, முந்தைய ஆறு மாதச் சராசரியின்படி வரும் தொகையையோ, இரண்டில் எது குறைவோ அதை “ஆட்சேபத்துடன்” கட்டிவிட்டால், தகராறு தீரும்வரை துண்டிக்கக் கூடாது. வழக்கமாக 800 ரூபாய் வரும் வீட்டுக்கு 48,000 ரூபாய் பில் வந்தால், கடன் வாங்கி 48,000 கட்ட வேண்டியதில்லை. கவுன்ட்டரில் குறைவான தொகையை வாங்க மறுப்பார்கள். அதனால் ஆட்சேபக் கடிதத்தில் பிரிவு எண்ணைக் குறிப்பிட்டு உதவிப் பொறியாளரிடம் கொடுத்து, ஒப்புகை சீல் வாங்கிக்கொள்ள வேண்டும். சீல் போட மறுத்தால் பதிவு அஞ்சல் இருக்கவே இருக்கிறது.

சரி, அந்த ஆபீசில் தீரவில்லை என்றால் எங்கே போவது? இங்கே பாதை இரண்டாகப் பிரிகிறது. தவறான வழியில் போனால் வருடங்கள் வீணாகிவிடும்.

ஒரு வழி மின்சாரச் சட்டமே போட்டுத் தந்தது. ஒவ்வொரு மின் பகிர்மான வட்டத்திலும் நுகர்வோர் குறைதீர்க்கும் மன்றம் உண்டு. வக்கீல் வேண்டாம், வெள்ளைத்தாளில் எழுதிக் கொடுக்கலாம். அங்கே தோற்றால், மின்கட்டணத்தை நிர்ணயிக்கும் மாநில மின்சார ஒழுங்குமுறை ஆணையம் நியமித்த மின் குறைதீர்ப்பாளரிடம் மேல்முறையீடு செய்யலாம். முதலிலேயே அவரிடம் போக முடியாது, மன்றத்தைத் தாண்டித்தான் போக வேண்டும். இந்த அமைப்பில் எனக்கு ஒரு பெரிய குறை உண்டு. மன்றத்தின் தலைவர் அந்த வட்டத்தின் மேற்பார்வைப் பொறியாளர். பில் போட்டவர், பில்லைத் திருத்த மறுத்தவர் எல்லோருக்கும் மேலதிகாரி அவர். எவ்வளவு நேர்மையானவராக இருந்தாலும், தன் அலுவலகத்தின் பிழையைத் தானே விசாரிக்கும் நாற்காலியில் அவரை உட்காரவைப்பது நியாயமில்லை. இருந்தாலும் மன்றத்துக்குப் போங்கள் என்றுதான் சொல்வேன். அங்கேதான் அலுவலகம் தன் தரப்பை முதன்முறையாக எழுத்தில் தருகிறது. கணக்கேடு, மீட்டர் மாற்றிய அறிக்கை, சோதனை முடிவு எல்லாம் அப்போதுதான் வெளியே வரும். குறைதீர்ப்பாளர் முன் அந்தத் தாள்கள்தான் பேசும். அவருடைய பழைய ஆணைகள் இணையத்தில் கிடைக்கின்றன. நம்முடையதைப் போன்ற வழக்கு ஒன்றைத் தேடிப் படித்துவிட்டு மனு எழுதினால் மனுவின் தரமே வேறாக இருக்கும்.

இன்னொரு வழி மாவட்ட நுகர்வோர் ஆணையம். 2020 ஜூலையில் நடைமுறைக்கு வந்த 2019 நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்திலும் மின்சாரம் வழங்குவது ஒரு ‘சேவை’தான். குறைதீர்க்கும் மன்றத்துக்குப் போயிருக்க வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. நாம் குடியிருக்கும் மாவட்டத்திலேயே வழக்குப் போடலாம். கொடுத்த விலை 5 லட்சம் ரூபாய்க்குள் என்றால் கட்டணம் கிடையாது. பணம் திரும்பக் கிடைப்பதோடு மன உளைச்சலுக்கு இழப்பீடும் வழக்குச் செலவும் கேட்கலாம் என்பது இதன் பலம். எதிர்மனுதாரர் பெயரை மட்டும் கவனித்து எழுத வேண்டும். நம் வாய்க்கு எல்லாமே ஈ.பி.தான், ஆனால் பழைய வாரியம் 2010-லேயே பிரிந்தது, 2024-ல் இன்னொரு முறை பிரிந்து இப்போது விநியோகத்துக்குத் தமிழ்நாடு மின் பகிர்மானக் கழகம் இருக்கிறது.

ஒழுங்குமுறை ஆணையத்துக்கே நேராக எழுதினால் என்ன என்று சிலர் கேட்பதுண்டு. தனிநபர் பில் தகராறை அது விசாரிக்க முடியாது என்று ரிலையன்ஸ் எனர்ஜி வழக்கில் உச்ச நீதிமன்றம் 2007-லேயே சொல்லிவிட்டது. அந்த வழக்கு மகாராஷ்டிரத்திலிருந்து வந்தது. பல நுகர்வோருக்குப் போன கூடுதல் பில்களில் ஆணையம் தலையிட்டதை ஒட்டி எழுந்த வழக்கு அது. தனித்தனிக் குறைகளுக்குக் குறைதீர்க்கும் மன்றம்தான் இடம் என்று முடிந்தது.

இந்த இரண்டு வழியையும் அடைக்கும் ஒரு கதவு உண்டு. மின்சாரச் சட்டத்தில் அதன் பிரிவு எண் 126. அனுமதிக்கப்படாத வகையில் மின்சாரம் பயன்படுத்தியதாகச் சொல்லிப் போடப்படும் மதிப்பீடு அந்தப் பிரிவில் வரும். வீட்டு இணைப்பில் கடை நடத்துகிறீர்கள் என்பது போன்ற காரணங்களுக்கு, உரிய விகிதத்தைப் போல இரண்டு மடங்கு கேட்பார்கள். உத்தரப்பிரதேச மின் கழகம் தொடர்ந்த வழக்கில் 2013-ல் உச்ச நீதிமன்றம் இந்த மதிப்பீட்டை எதிர்த்து நுகர்வோர் நீதிமன்றத்துக்கு வர முடியாது என்று தீர்ப்பளித்தது. இதற்குப் பாதை வேறு: முதலில் தற்காலிக மதிப்பீட்டுக்கு ஆட்சேபம், இறுதி உத்தரவு வந்தால் 30 நாளுக்குள் 127-ஆவது பிரிவில் மேல்முறையீடு. அதற்கே கேட்ட தொகையில் பாதியைக் கட்டியாக வேண்டும். ஆகவே கையில் வரும் தாளில் தொகையைப் பார்ப்பதற்கு முன்னால் பிரிவு எண்ணைப் பாருங்கள். சாதாரண ரீடிங் பிழை என்று நினைத்துக்கொண்டு நுகர்வோர் ஆணையத்தில் காத்திருந்தால் அந்த 30 நாள் ஓடிவிடும்.

மீட்டரே கோளாறு என்றால் விஷயம் கொஞ்சம் வேறு. மெயின் சுவிட்சை அணைத்த பிறகும் மீட்டரில் சிவப்பு விளக்கு சிமிட்டிக்கொண்டே இருந்தால் ஏதோ சரியில்லை என்று அர்த்தம். அதை ஒரு நிமிட வீடியோவாக எடுத்துவைத்துக்கொள்ளலாம். 2024-ல் திருத்தப்பட்ட மத்திய அரசின் நுகர்வோர் உரிமை விதிகள், ரீடிங் மேல் சந்தேகம் என்று புகார் கொடுத்தால் ஐந்து நாளுக்குள் பக்கத்திலேயே இன்னொரு மீட்டர் பொருத்தி, குறைந்தது மூன்று மாதம் ஒப்பிட்டுப் பார்க்க வேண்டும் என்கின்றன. பழுதான காலத்துக்கு முந்தைய நான்கு மாதச் சராசரியை வைத்துக் கணக்கிடுவது தமிழ்நாட்டு வழக்கம். அந்த நான்கு மாதத்தில் வீட்டில் பயன்பாடு வேறாக இருந்திருந்தால், உதாரணமாகக் கோடையில் இரண்டு ஏ.சி. ஓடியிருந்தால், அந்தச் சராசரியை அப்படியே ஏற்க வேண்டியதில்லை.

எனக்கு மிகவும் வருத்தம் தருவது காலக்கெடு. பிழை வாரியத்தின் பக்கம் சாதகமாக விழுந்தாலும் பாதகமாக விழுந்தாலும் ஒரே அளவுகோல் இருக்க வேண்டும் என்றுதானே நினைப்போம்? அஜ்மீர் மின் விநியோக நிறுவன வழக்கில் நடந்ததைப் பாருங்கள். 2009-லிருந்து 2011 வரை தவறான கட்டணக் குறியீட்டில் (எந்த விகிதத்தில் பில் போடுவது என்பதைக் காட்டும் எண்) குறைவாகப் பில் போட்டுவிட்டு, தணிக்கையில் தெரிந்ததும் 2014-ல் கூடுதல் பில் அனுப்பினார்கள். இரண்டு ஆண்டு கடந்துவிட்டதால் துண்டிக்கக் கூடாது, ஆனால் தொகையைக் கேட்கலாம், வேறு சட்ட வழியில் வசூலிக்கலாம் என்று 2020 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் சொன்னது. அடுத்த ஆண்டு ஹரியாணாவின் பிரேம் காட்டெக்ஸ் வழக்கு. மீட்டர் ரீடிங்கை 10-ஆல் பெருக்க வேண்டிய இடத்தில் 5-ஆல் பெருக்கி மூன்று ஆண்டு பில் போட்ட நிறுவனம், 2009-ல் 1.35 கோடி ரூபாய்க்குமேல் கூடுதலாகக் கேட்டது. விடுபட்ட தொகையைப் பின்னால் கேட்பது சேவைக் குறைபாடு ஆகாது என்று தீர்ப்பு வந்தது.

நம் பக்கமோ, நுகர்வோர் ஆணையத்தில் இரண்டு ஆண்டுக்குள் வழக்குப் போட வேண்டும். தாமதத்துக்குத் தக்க காரணம் காட்டினால் மட்டுமே விலக்கு. வீடு கட்டும்போது வாங்கிய தற்காலிக இணைப்பின் விகிதத்திலேயே, வீடு முடிந்த பிறகும் ஐந்தாறு வருடம் கட்டிக்கொண்டிருந்த ஒருவர் தற்செயலாக அதைக் கவனித்தால், கடைசி இரண்டு வருடப் பணம்தான் உனக்கு என்று சொல்லப் பார்ப்பார்கள்.

ஆனால் அஜ்மீர் தீர்ப்பை உட்கார்ந்து படித்தால் அதில் நமக்கும் ஓர் ஆயுதம் இருக்கிறது. மின் நிறுவனத்துக்கு அந்த நீட்டிப்பைத் தர நீதிமன்றம் துணைக்கு எடுத்துக்கொண்டது காலவரையறைச் சட்டத்தின் 17-ஆவது பிரிவு. தவறு காரணமாக எழும் வழக்கில், அந்தத் தவறு தெரியவந்த நாளிலிருந்துதான், அல்லது முறையான கவனம் இருந்திருந்தால் தெரிந்திருக்கக்கூடிய நாளிலிருந்துதான் காலம் ஓடத் தொடங்கும் என்கிறது அது. அந்தப் பிரிவில் மின் நிறுவனத்துக்கு மட்டும் என்று எங்கும் எழுதவில்லை. கட்டணக் குறியீட்டைத் தேர்வு செய்வதும் கணினியில் ஏற்றுவதும் அலுவலகத்தின் வேலை. தணிக்கையாளர்களை வைத்திருக்கும் நிறுவனத்துக்கே தன் தவறு இவ்வளவு தாமதமாகத்தான் தெரிந்தது என்றால், பில்லின் மூலையில் இருக்கும் ஒரு குறியீட்டின் பொருள் வீட்டுக்காரருக்குத் தாமதமாகத் தெரிந்ததில் என்ன வியப்பு? இந்த வாதத்தை மனுவில் ஒரு பத்தியாக எழுதி, தவறு தெரியவந்த தேதியையும் அது எப்படித் தெரியவந்தது என்பதையும் ஆதாரத்தோடு சொல்ல வேண்டும். 10 ரூபாய்க் கட்டணத்தில் தகவல் உரிமைச் சட்டப்படி இணைப்பின் முழுக் கணக்கேட்டையும் கட்டண மாற்ற உத்தரவையும் கேட்டு வாங்கினால், அந்தப் பதில் கடிதத்தின் தேதி இந்த வாதத்துக்குப் பெரிய துணை.

ஒன்றை மட்டும் இன்றே செய்யலாம். ஆள் வந்து ரீடிங் எடுத்துவிட்டுப் போனதும் மீட்டர் முன் நின்று செல்போனில் ஒரு படம், திரையிலுள்ள எண் தெளிவாகத் தெரியும்படி. மேலே போட்ட கணக்கில் 12,340 என்ற அந்தப் படம் அன்றே எடுத்திருந்தால், ரீடிங்கைத் திருத்தி 4,040 ரூபாயை அப்படியே கேட்கலாம். படம் இல்லாமல் இரண்டு மாதம் கழித்துப் போனால் மீட்டர் அதற்குள் 12,660-க்கு ஓடியிருக்கும். அன்றைக்கு அதில் என்ன எண் இருந்தது என்று சொல்ல யாரும் இருக்க மாட்டார்கள்.